ஒரு கேள்விக்கு ஒரு புடவை

கண்ணாடிக் கதவைத் தள்ளியதும் குளிர்காற்று முகத்தில் அடிக்கிறது. அது தொடங்கும் இடத்திலேயே ஒரு பெண் கைகூப்பி நிற்கிறார். பட்டுப்புடவை, தலை நிறைய மல்லிகை, பெரிய பொட்டு. “வணக்கம், வாங்க.” எனக்குப் பின்னால் வந்தவருக்கும் “வணக்கம், வாங்க.” அவருக்குப் பின்னால் வந்த குடும்பத்துக்கும் அதேதான்.

ஆடித் தள்ளுபடி முடிந்து, தீபாவளிக் கூட்டம் இன்னும் வந்து சேராத புரட்டாசி வாரநாள். முகூர்த்தம் இல்லாத மாதம். ரங்கநாதன் தெருவில் தோள் இடிபடாமல் நடக்க முடிகிற அபூர்வமான காலை. அதற்காகவே இந்த நாளில் வந்தேன். தி.நகர் ஜவுளிக் கடைகளைக் கூட்டத்தோடு எல்லோரும் பார்த்திருக்கிறோம். கூட்டம் இல்லாதபோது அங்கே வேலை செய்பவர்கள் எப்படி இருக்கிறார்கள்? கடையின் பெயரை எழுதப்போவதில்லை. என்னோடு பேசியவர்களின் பிழைப்பு அதில் இருக்கிறது. தவிர, எதிர்வரிசைக் கடைக்குள் நுழைந்திருந்தாலும் ஏறக்குறைய இதையேதான் எழுதியிருப்பேன் என்று நினைக்கிறேன்.

பைகளை வாங்கிக்கொண்டு டோக்கன் கொடுக்கும் மேடை வாசலை ஒட்டி இருந்தது. கைப்பையில் எதையோ தேடுவதுபோல் அங்கேயே கொஞ்ச நேரம் நின்றேன். வருகிறவர்கள் கைப்பேசியைப் பார்த்தபடி வருகிறார்கள், குழந்தையை இழுத்துக்கொண்டு வருகிறார்கள், “ஜென்ட்ஸ் எந்த மாடி?” என்று அந்தக் கும்பிட்ட கைகளிடமே கேட்கிறார்கள். நான் பார்த்தவரை திரும்பக் கும்பிட்டவர் ஒரே ஒரு பாட்டிதான். வெள்ளந்தியாக நின்று, “நல்லாருக்கியாம்மா?” என்று விசாரிக்கவும் செய்தார். அந்தப் பெண் ஒரு நொடி தடுமாறிப்போனார். காலையிலிருந்து சொன்ன இரண்டு சொற்களில் இதற்குப் பதில் கிடையாது. “வாங்க” என்றார் மறுபடியும். பாட்டி உள்ளேதான் நின்றுகொண்டிருந்தார்.

லிஃப்டில் ஏறினேன். உள்ளே ஓர் ஓரத்தில் ஸ்டூல் போட்டு, இருபத்தைந்து வயது மதிக்கத்தக்க இளைஞர் பொத்தான் பலகைக்கு எதிரே உட்கார்ந்திருந்தார். தலைக்கு மேலே சின்ன மின்விசிறி. “ஒண்ணு ஜென்ட்ஸ், ரெண்டு ரெடிமேட், மூணு சேரீஸ், நாலு பட்டு. உள்ள தள்ளி நில்லுங்க, கதவு சாத்தணும்.” மூன்றில் எல்லோரும் இறங்கினார்கள். நான் இறங்கவில்லை. “எந்த மாடி மேடம்?” “சும்மா கூட வரேன்.” அப்போதுதான் நிமிர்ந்து பார்த்தார். அவர் கேட்ட முதல் கேள்வி: “வெளிய வெயிலா மேடம்?”

ஒன்பதரைக்கு இந்தப் பெட்டிக்குள் வந்தால் சாப்பாட்டுக்கு ஒருமுறை, அவசரத்துக்கு ஒன்றிரண்டு முறை தவிர, ராத்திரிவரை இங்கேதான். மழை பெய்வது குடை நனைந்து வருவதைப் பார்த்துத்தான் தெரியுமாம். லிஃப்டின் பின்சுவர் முழுக்கக் கண்ணாடி. “ஏறுறவங்க எல்லாரும் அதுல அவங்க மூஞ்சியப் பாப்பாங்க. என் மூஞ்சி யாருக்கும் தெரியாது. ஒரு மணி நேரம் கழிச்சு அதே ஆளு கீழ இறங்கி வந்து, ‘காலையில இருந்தவர் எங்கேப்பா’ன்னு என்கிட்டயே கேப்பாரு.” சிரித்தார். அவருக்குப் பிடித்த ஒன்றும் இதில் இருக்கிறது. ஆள் இருப்பதே தெரியாததால் குடும்பங்கள் தங்கள் சண்டையை லிஃப்டுக்குள் நிறுத்துவதில்லை. சம்பந்தி வீட்டார் எத்தனை பவுன் கேட்டார்கள், மூத்த மருமகளுக்கு எடுத்ததைவிட இளையவளுக்கு ஏன் விலை கூட, எல்லாம் அவர் காதில் விழுகிறது. “முடிவு மட்டும் தெரியாது மேடம். மூணாவது மாடி வந்துரும், இறங்கிருவாங்க.”

பொத்தானை யார் வேண்டுமானாலும் அழுத்தலாம். கூட்ட நாளில் பாரம் மிஞ்சாமல் பார்த்துக்கொள்ள ஆள் தேவை என்பது சரி. இன்றைக்கு அவர் இருப்பதற்கு வேறு காரணம் எனக்குத் தெரியவில்லை. நான்கிலிருந்து மூன்றுக்கு இறங்கும்போது, “ஊர்ல இருந்தா பேச்சுத் துணைக்கு ஆடாவது இருக்கும்” என்று சொல்லிக் கதவைத் திறந்துவிட்டார்.

மூன்றாவது மாடி. கூட்ட நாளில் பத்தடி தூரம்கூடத் தெரியாத தளம், இன்று கடைசிச் சுவர்வரை தெரிந்தது. மேசைகளுக்குப் பின்னால் ஒரே நிறச் சீருடைப் புடவையில் பெண்கள். ஒவ்வொருவர் முதுகுக்குப் பின்னாலும் அவரவர் அலமாரி. வாடிக்கையாளர் யாரும் இல்லாத மேசையிலும் கைகள் சும்மா இல்லை. மடித்த புடவையையே எடுத்து மறுபடி மடிக்கிறார்கள். பக்கத்து மேசைக்கு நாலடி தூரம்கூட இல்லை. ஆனாலும் பேச்சில்லை. கூரையில் கேமரா, தூணருகே சூப்பர்வைசர். நான் ஓரடி வைத்ததும் ஐந்தாறு முகங்களில் ஒரே நேரத்தில் சிரிப்பு வந்தது. “வாங்க மேடம், என்ன பாக்குறீங்க? காட்டனா, சாஃப்ட் சில்க்கா, ஃபேன்சியா?”

காட்டன் மேசைக்குப் போனேன். அந்தப் பெண்ணுக்கு இருபத்தேழு, இருபத்தெட்டு வயதிருக்கலாம். நான் வந்த நோக்கத்தை மெல்லச் சொன்னேன். அவர் சிரிப்பை மாற்றவில்லை. ஒரு செட்டிநாட்டுக் காட்டனை உருவி மேசைமேல் வீசி விரித்தபடியே தாழ்ந்த குரலில் சொன்னார்: “புடவையப் பாத்துக்கிட்டே கேளுங்கக்கா. சும்மா நின்னு பேசுனா கூப்பிட்டுக் கேப்பாங்க.”

அப்படித்தான் பேசினோம். ஊர் எது என்று கேட்டேன். மாம்பழ மஞ்சளில் ஒன்று விரிந்தது. தூத்துக்குடிப் பக்கம். எத்தனை வருடமாக இங்கே; நெகமம் வந்தது. ஆறு வருடம், நடுவில் தங்கை கல்யாணத்துக்காக இரண்டு மாதம் ஊரில். யார் கூட்டி வந்தது, மங்களகிரி. ஊர்க்கார அண்ணன் ஒருவர், முன்பே இங்கே வேலை பார்த்தவர். தி.நகர் ஜவுளி வியாபாரத்தின் கணிசமான பகுதி திருநெல்வேலி, தூத்துக்குடி, தென்காசிப் பக்கத்து மனிதர்களால் நடக்கிறது. முதலாளியும் அந்தப் பக்கம், விற்பவரும் அந்தப் பக்கம். ஊர்க்காரர் என்ற நம்பிக்கையில் வீட்டில் அனுப்பிவைக்கிறார்கள். ஊர்க்காரர் என்பதால் எதிர்த்துப் பேசவும் யோசிக்கிறார்கள்.

விலையும் துணியும் சொல்லும்போது அவர் பேச்சு சென்னைப் பேச்சாக இருந்தது. தன் கதைக்கு வந்ததும் ஊர் தானாக வந்துவிட்டது. “நாள் பூரா பேசிக்கிட்டேதான நிக்கேன். ராத்திரி ரூமுக்குப் போனதும் அம்மா போன் பண்ணுவாவ. வாயே வராதுக்கா. சாப்பிட்டியான்னு கேப்பாவ, சாப்பிட்டேம்பேன். கோவமா இருக்கியாட்டின்னு கேப்பாவ. என்னத்தச் சொல்ல? கோவம் ஒண்ணுமில்ல. பேச்சு தீந்துபோச்சு, அவ்வளவுதான்.”

கடை திறக்கும்முன் கைப்பேசியை லாக்கரில் வைத்துவிட வேண்டும். திரும்ப எடுக்கும்போது ஒன்பதரை, பண்டிகைக் காலத்தில் பதினொன்று. பகலில் வீட்டில் என்ன நடந்தாலும் ராத்திரிதான் தெரியும். தாத்தா இறந்த செய்தி தவறிய அழைப்புகளாக வந்து கிடந்ததாம். விடுதி அறையில் பன்னிரண்டு பேர். தனிமைக்கு அங்கே எங்கே இடம் என்று தோன்றும். எனக்கும் தோன்றியது. அவர் விளக்கினார்: குளிக்க வரிசை, துவைக்க வரிசை, பிறகு விளக்கை அணைக்கச் சொல்லிவிடுவார்கள். பன்னிரண்டு பேருக்கும் அன்றைக்குப் பேசித் தீர்ந்துவிட்டது. ஒருத்தி தூக்கத்தில் விலை சொல்லுவாளாம், “ஆயிரத்து இருநூத்தம்பதுக்கா, டிஸ்கவுண்ட் போக.”

தனிமை என்றால் பேச ஆளில்லாதது என்றுதான் வைத்திருக்கிறோம். இவருடைய கதை வேறு மாதிரி. நாள் முழுக்க இவரிடம் ஆட்கள் பேசுகிறார்கள். எல்லாம் நிறம், கரை, விலை. யாரும் இவரிடம் இவரைப் பற்றிப் பேசுவதில்லை. தன் குரலைத் தானே வேறு யாருக்கோ வாடகைக்கு விட்டதுபோல் ஆகி, சாயங்காலம் அதைத் திரும்பக் கேட்டால் கிடைப்பதில்லை.

அமெரிக்கச் சமூகவியலாளர் ஆர்லி ஹோக்‌ஷில்ட் இதைப் பற்றி 1983இல் ‘தி மேனேஜ்டு ஹார்ட்’ என்ற நூலை எழுதினார். அவர் பார்த்தது டெல்டா விமான நிறுவனத்தின் பணிப்பெண்களை. பயணியிடம் காட்டும் சிரிப்பும் பரிவும் கூலிக்கான உழைப்புதான், அதற்கும் தேய்மானம் உண்டு என்பது அவர் வாதம். முகத்தில் மட்டும் நடிப்பவர்கள் ஒரு வகை. மனசையே பழக்கி உண்மையாகவே பரிவு வரவைத்துக்கொள்பவர்கள் இன்னொரு வகை. இரண்டாமவர்களுக்கு, எது தன்னுடைய உணர்ச்சி எது வேலைக்கான உணர்ச்சி என்ற பிரிப்பே மங்கிப்போகலாம். அதே நூலில் கடன் வசூலிப்பவர்களையும் சேர்த்திருப்பார். அவர்களுக்கு இரக்கம் வராமல் பார்த்துக்கொள்வது வேலை. காட்டன் மேசைப் பெண்ணுக்கு இந்த நூலைப் பற்றி நான் சொல்லவில்லை. அவராகவே சொன்னது இது: “சிரிக்கது கஷ்டமில்லக்கா. ஆனா ரூமுல பிள்ளைக ஏதாவது சொல்லிச் சிரிக்கும்போது எனக்கும் சிரிப்பு வரும் பாருங்க, அதுவும் கடைச் சிரிப்பாத்தான் வருது.”

பக்கத்து மேசைக்கு ஓர் அம்மா வந்தார். கையில் கைப்பேசி, அதில் வெளிநாட்டில் இருக்கும் மகள். இப்போது புடவை வாங்குவது பாதி இப்படித்தான் நடக்கிறது. புடவை விரிகிறது, கைப்பேசி அதன்மேல் போகிறது, “லைட்ல காட்டும்மா, கலர் தெரியல” என்று அங்கிருந்து குரல். கொஞ்ச நேரத்தில், “அந்தப் பொண்ணத் தோள்ல போட்டுக் காட்டச் சொல்லு.” விற்கும் பெண் முந்தியைத் தன் தோளில் போட்டு, கொசுவத்தை விரலால் பிடித்து நின்றார். அம்மா கைப்பேசியை நீட்டினார். திரையை நான் எட்டிப் பார்த்தேன்: கழுத்திலிருந்து இடுப்புவரை புடவை. முகம் சட்டத்துக்கு வெளியே. அம்மாவும் மகளும் கடல் தாண்டிப் புடவையோடு சேர்த்து மாப்பிள்ளையின் இருமல், வீட்டுக் கடன், பாட்டியின் முட்டிவலி எல்லாம் பேசி முடிக்கும்வரை அந்தப் பெண் தோளில் முந்தியோடு நின்றார். அவருடைய கைப்பேசி கீழே லாக்கரில் இருக்கிறது. கடைசியில் புடவை வேண்டாம் என்றாகிவிட்டது. கரை சின்னது.

வேண்டாம் என்று போகிறவர்கள்மீது கோபம் வராதா என்று கேட்டேன். கலம்காரி ஒன்று விரிந்தது. “அதெல்லாம் மொத வருஷத்துல வரும். இப்ப கஸ்டமர் போன பொறவு மடிக்கது ஒரு நிம்மதிக்கா. யாரும் ஒண்ணும் கேக்க மாட்டாங்க.” ஒருவர் புடவையை எடுக்காமல் போனால் ஏன் எடுக்கவில்லை என்று சூப்பர்வைசர் கேட்பார். அது ஒன்றுதான் தொந்தரவு. “அவுங்களுக்குப் பிடிக்கல, நான் என்ன செய்ய?”

மேசைக்கு அடியில் ஸ்டூல் இருக்கிறதா என்று குனிந்து பார்த்தேன். இருந்தது. அதன்மேல் ரவிக்கைத் துணிக் கட்டு. “சட்டத்துக்கு ஸ்டூல் இருக்குக்கா” என்று காலால் லேசாகத் தட்டிக் காட்டினார்.

அந்தச் சட்டத்துக்கு ஒரு வரலாறு உண்டு. இங்கிலாந்தில் 1899இலேயே கடைப் பெண்களுக்கு இருக்கை தர வேண்டும் என்று சட்டம் வந்தது. ஓர் அறையில் மூன்று பெண்களுக்கு ஓர் இருக்கையாவது. நம் பக்கத்தில் அதற்குப் பிறகு நூறாண்டுக்கு மேல் ஆயிற்று. கோழிக்கோடு மிட்டாய்த் தெருவில் தையல் வேலை பார்த்த விஜி, ‘பெண்கூட்டு’ என்ற அமைப்பைத் தொடங்கி, முதலில் கடைப் பெண்களுக்குக் கழிப்பறை கேட்டார், பிறகு உட்காரும் உரிமை கேட்டார். நாள் முழுக்க நிற்பவர்களின் கால் வீக்கமும் நரம்புச் சுருட்டலும், கழிப்பறைக்குப் பயந்து தண்ணீர் குடிக்காததால் வரும் நீர்க்கடுப்பும் அந்தப் போராட்டத்தின் பின்னணி. 2018இல் கேரளம் தன் கடைகள் சட்டத்தைத் திருத்தியது. தமிழ்நாடு, 1947ஆம் ஆண்டுக் கடைகள் மற்றும் நிறுவனங்கள் சட்டத்தில் 22-அ என்ற பிரிவை 2021இல் சேர்த்தது. இந்தத் தெருவின் கதையை ‘அங்காடித் தெரு’ படம் ஊருக்கே காட்டி அப்போது 11 ஆண்டுகள் ஆகியிருந்தன.

பிரிவு சொல்வது, எல்லா ஊழியருக்கும் பொருத்தமான இருக்கை இருக்க வேண்டும், வேலைக்கு இடையே உட்கார வாய்ப்பு வரும்போது பயன்படுத்திக்கொள்ளும்படி. எது வாய்ப்பு என்பதைத் தூணருகே நிற்பவர் முடிவு செய்கிறார். ஆளே இல்லாத இந்தப் புரட்டாசிக் காலையில் மூன்றாவது மாடியில் ஒருவரும் உட்கார்ந்திருக்கவில்லை. அதே சட்டம் நாளுக்கு 8 மணி நேரம், மிகுதிநேரம் சேர்த்தாலும் 10 மணி நேரத்துக்கு மேல் கூடாது என்கிறது. ஒன்பதரையிலிருந்து ஒன்பதரைவரை எத்தனை என்று நீங்களே கூட்டிப் பார்க்கலாம். இடைவேளையைக் கழித்துவிட்டே கூட்டுங்கள்.

மேசைமேல் இப்போது ஒரு குவியல். என் கேள்விகள் அத்தனையும் நிறம் நிறமாகக் கிடந்தன. ஐந்தரை மீட்டரை மடிப்புக் கோடு பிசகாமல் பழையபடி மடித்து, விலைச்சீட்டு வெளியே தெரிய வைக்க வேண்டும். நான் ஒன்றை எடுத்து மடிக்கப் போனேன். “ஐயோ வைங்கக்கா, கேமராவுல தெரியும்.” அந்த மாம்பழ மஞ்சளை எடுத்துக்கொண்டேன். அவர் சீட்டெழுதினார். துணி எண், விலை, ஓரத்தில் நாலிலக்க எண் ஒன்று. அந்த எண் அவர். மாதக் கடைசியில் எந்த எண்ணுக்கு எவ்வளவு விற்பனை என்று கணக்குப் பார்த்து ஊக்கத்தொகை. சீருடையில் பெயர்ப்பட்டையும் இருக்கிறது; வாடிக்கையாளர் புகார் சொல்லும்போது மட்டும் அதைப் படிக்கிறார்களாம்.

கிளம்பும்போது, உங்களுக்கு ஒன்று கேட்கலாம் என்றால் என்ன கேட்பீர்கள் என்றேன். சம்பளம் என்பார், உட்கார விடச் சொல்லுவார், ஞாயிறு விடுமுறை என்பார் என்று நினைத்திருந்தேன். “செக்‌ஷன் மாத்தாம இருந்தாப் போதும்” என்றார். அதற்குமேல் கேட்க முடியவில்லை. ஒரு தம்பதி வந்துவிட்டார்கள். “வாங்க மேடம், வாங்க சார், என்ன பாக்குறீங்க?”

இரண்டாவது மாடி ரெடிமேட். அதை வேகமாகக் கடந்தேன். குழந்தை உடைப் பக்கம் பலூன் கட்டிய மேசை, அதே கேள்வி, அதே சிரிப்பு. நின்றது உடை மாற்றும் அறைகளின் முன்னால். ஐம்பது வயது மதிக்கத்தக்க அம்மா ஒருவர் அங்கே காவல். உள்ளே எத்தனை உருப்படி போகிறது, எத்தனை வெளியே வருகிறது என்று எண்ணுவது அவர் வேலை. “மூணுதான்மா, அதுக்கு மேல விடக் கூடாது.” அவ்வளவுதான் பேச்சு. கணவர் இறந்தபிறகு வேலைக்கு வந்தவர். இந்த வேலை பரவாயில்லை என்றார், துணி விற்க வேண்டிய கட்டாயம் இல்லை.

“ஆனா ஒண்ணும்மா. உள்ள போற பொண்ணு சந்தோஷமாப் போவும். அளவு பத்தலேன்னா கதவத் தெறந்துக்கிட்டு வரும்போது என் மூஞ்சியிலதான் முழிக்கும். என்னமோ நான் தச்ச மாதிரி.” சில நேரம் உள்ளேயிருந்து அழுகைச் சத்தம் கேட்குமாம். உடம்பு பெருத்துப் போனதற்கு அழுகிறவர்கள், நிச்சயப் புடவை விஷயத்தில் மாமியாரிடம் தோற்றுவிட்டு அழுகிறவர்கள். கதவைத் தட்டி என்ன ஆச்சு என்று கேட்கலாமா என்றேன். “கேக்கக் கூடாது. அது அவங்க விஷயம். ஒருவாட்டி ஒரு பொண்ணுக்குத் தண்ணி குடுத்தேன். துணில சிந்திருச்சுன்னு எனக்குத் திட்டு.” அதற்குப் பிறகு எண்ணுவதோடு சரி.

லிஃப்டுக்குக் காத்திருக்காமல் பின்பக்கப் படிக்கட்டில் இறங்கினேன். ஊழியர்களும் மூட்டை தூக்குபவர்களும் பயன்படுத்துவது. கதவைத் தள்ளியதும் வேறு கடைக்குள் வந்துவிட்டதுபோல் இருந்தது. குளிர்காற்று இல்லை. சாம்பார் வாசனை. கீழ்த்தளத்து மெஸ்ஸிலிருந்து சாப்பிட்டுவிட்டு ஏழெட்டுப் பெண்கள் ஏறி வருகிறார்கள், கத்திக்கொண்டு, ஒருத்தியை ஒருத்தி இடித்துக்கொண்டு. “ஏட்டி, மோருன்னு ஊத்துனாவளே, அது அரிசி கழுவுன தண்ணிட்டி!” என்று ஒருத்தி சொல்ல, மற்றவள் படியிலேயே உட்கார்ந்து சிரித்தாள். மேசைக்குப் பின்னால் நான் பார்த்த சிரிப்பு இல்லை இது. பல் முழுக்கத் தெரிந்தது, சத்தம் இருந்தது. இரண்டு மாடி ஏறும்வரைதான். தளத்துக் கதவு வந்ததும் முந்தியைச் சரிசெய்து, முகத்தைத் துடைத்து, ஒவ்வொருத்தியாக உள்ளே போனார்கள்.

சாப்பாடு பந்தி பந்தியாக நடக்கிறது. ஒரு செக்‌ஷனிலிருந்து ஒரே நேரத்தில் இரண்டு பேர் போகக் கூடாது. ஆகவே பக்கத்து மேசைக்காரியோடு சேர்ந்து சாப்பிட முடியாது. வேறு மாடிப் பெண்களோடுதான். அந்த இரண்டு மாடிப் படிக்கட்டுதான் அவர்களுடைய ஊர்த் திண்ணை.

நடுத்தளத்தில் மூன்றாவது மாடி சூப்பர்வைசரே டீ கிளாஸோடு நின்றிருந்தார், தனியாக. பெண்கள் அவரைக் கண்டதும் ஒதுங்கிக் குரலைத் தாழ்த்திப் போனார்கள். நான் வாடிக்கையாளர் இல்லை என்பதை அவர் எப்போதோ கண்டுபிடித்திருந்தார். “அரை மணி நேரமா ஒரு காட்டன் எடுத்தீங்களே மேடம்” என்றார், கோபமில்லாமல். பதினாறு வயதில் மூட்டை பிரிக்கும் பையனாக வந்தவர். “நானும் அதே மாடியில தூணப் புடிச்சிட்டு நின்னவன்தான். அப்ப கூட்டாளிங்க நாலு பேரு இருந்தோம். சூப்பர்வைசர் ஆனதும் ஒருத்தனும் பேசல. நான் போய் நின்னா பேச்சு நின்னுடும்.”

செக்‌ஷன் மாற்றுவதைப் பற்றிக் கேட்டேன். மூன்று நான்கு மாதத்துக்கு ஒருமுறை மாற்றுவது வழக்கம் என்றார். எல்லாச் சரக்கும் எல்லோருக்கும் தெரிய வேண்டும் என்பது சொல்லும் காரணம். சொல்லாத காரணத்தையும் அவரே சொன்னார்: “ரெண்டு பேரு ஒட்டிக்கிட்டா ஒண்ணா லீவு கேப்பாங்க. ஒண்ணா ஊருக்குப் போவாங்க. ஒருத்தி வேற கடைக்குப் போனா இன்னொருத்தியும் பின்னாடியே போயிடுவா. தீபாவளி நேரத்துல ரெண்டு மேசை காலியாச்சுன்னா நான் என்ன பண்றது?”

வியாபாரக் கணக்கில் அது தவறில்லை. ஊர் விட்டு வந்தவர்கள். அவர்களைப் பிடித்துவைப்பது கடினம். ஆனால் மாடியில் நான் பார்த்த அந்த ஊமை வரிசை, வேலையின் இயல்பில் தானாக வந்ததில்லை என்பது இங்கேதான் எனக்கு உறுதியாயிற்று. கைப்பேசி லாக்கரில், சாப்பாட்டுக்குத் தனித்தனிப் பந்தி, மூன்று மாதத்துக்கொருமுறை இடமாற்றம், தலைக்குமேல் கேமரா. ஒவ்வொன்றுக்கும் தனியாக ஒரு நியாயம் உண்டு. எல்லாம் சேர்ந்து செய்வது, பேசுவதற்காகவே சம்பளம் வாங்கும் ஒருவருக்குப் பேச ஆளில்லாமல் ஆக்குவது. ஸ்டூல் போட்டதுபோல் இதையும் மாற்றியமைக்கலாம். ஸ்டூலைவிடச் செலவு குறைவு.

அவரிடமே கேட்டேன். கூட்டமில்லாத மாதத்திலாவது, பக்கத்துப் பக்கத்து மேசைக்காரிகள் இரண்டிரண்டு பேரைச் சேர்த்துச் சாப்பிட அனுப்பினால், ஒரு வருடம் செக்‌ஷன் மாற்றாமல் விட்டால், எவ்வளவு விற்பனை குறையும்? டீயை உறிஞ்சியபடி உண்மையாகவே கணக்குப் போட்டுப் பார்த்தார்.

“சேல்ஸ் குறையாது மேடம்.”

“அப்புறம்?”

“மேல எதுக்குன்னு கேப்பாங்க. காரணம் என்னன்னு சொல்றது? பொண்ணுங்க பேசிக்கணுமாம்னா சொல்ல முடியும்?” கிளாஸைப் படியோரத்தில் வைத்தார். இடுப்பு வாக்கி டாக்கியில் மூன்றாவது மாடி அழைத்தது. இரண்டு படி ஏறி, நின்று, திரும்பினார். “தீபாவளி முடியட்டும், பாக்கலாம்” என்றார். அடுத்த படியில் அவருக்கே சிரிப்பு வந்துவிட்டது. “தீபாவளி முடிஞ்சா கார்த்திகை முகூர்த்தம். அப்புறம் பொங்கல் வந்துடும்.”